கம்பி பாதி, தகரம் பாதி

பழைய வேன் வைத்திருக்கும் யாரிடமாவது ரேடியோ ஏன் இப்படி இரைகிறது என்று கேட்டுப் பாருங்கள். "செட்டு நல்லாத்தாங்க இருக்கு, ஏரியல்தான் போச்சு" என்பார். அடுத்த வாரம் மதுரைக்குப் போகும்போது புதுக் கம்பி ஒன்று வாங்கி மாட்டுவார். இரைச்சல் அப்படியே இருக்கும். பிறகு அதைவிட நீளமான கம்பி. அதற்கும் பிறகு, யாரோ சொன்னார்கள் என்று கண்ணாடியில் ஒட்டுகிற பட்டை. வாடிப்பட்டியில் ஒரு பழைய ஆம்னி வேனை வைத்துக்கொண்டு நானும் இந்தச் சுற்று முழுவதையும் சுற்றியவன்தான். மூன்றாவது கம்பிக்குப் பிறகு ஒரு பட்டறைக்காரர் அந்தக் கம்பியைச் சீண்டவே இல்லை. அதன் அடிப்பாகத்தைக் கழற்றினார். ஓட்டையைச் சுற்றி உள்பக்கம் இருந்த பெயிண்டை உப்புத்தாளால் தேய்த்துத் தகரத்தை வெளுக்க வைத்தார். மறுபடி முடுக்கினார். கொடைக்கானல் பண்பலை அடுத்த வீட்டிலிருந்து பேசுவதுபோலக் கேட்டது.

கம்பியை ஏரியலின் பாதி என்றுதான் சொல்ல வேண்டும். மீதிப் பாதி வேனின் தகரம். எதை வாங்குவது, எங்கே பொருத்துவது, கெட்டுப்போனால் எங்கே தேடுவது என்று இந்த விஷயத்தில் எழும் எல்லாக் கேள்விகளும் கடைசியில் அந்தத் தகரத்தில் வந்துதான் முட்டுகின்றன. ஆனால் கடையில் கம்பி மட்டும்தான் விற்கிறது. ஆகவே நம் சந்தேகமும் கம்பியோடு நின்றுவிடுகிறது.

எதைக் கேட்கப் போகிறோம் என்பதை முதலில் பார்த்துவிடலாம். வாடிப்பட்டி மதுரை – திண்டுக்கல் நெடுஞ்சாலையில் இருக்கிறது. வடக்கே சிறுமலை சுவர்போல நிற்கிறது. மேற்கே நிலக்கோட்டை, வத்தலக்குண்டு சமவெளியைத் தாண்டிப் பழனி மலைத் தொடர். தென்கிழக்கே ஏறக்குறைய 25 கிலோமீட்டரில் மதுரை. மதுரையிலிருந்து சூரியன் 93.5, மிர்ச்சி 98.3, ஹலோ 106.4 என்று தனியார் பண்பலைகள் வருகின்றன. இவற்றுக்கு எல்லாம் மூத்தவர்போல மலைமேல் உட்கார்ந்திருக்கிறது அகில இந்திய வானொலியின் கொடைக்கானல் பண்பலை, 100.5 மெகா ஹெர்ட்ஸ். பண்பலை அலை ஏறக்குறைய நேர்கோட்டில் போவது. பூமியின் வளைவுக்குப் பின்னால் அதிகம் இறங்காது. அதனால் ஒலிபரப்பியின் வலுவைப் போலவே அதன் உயரமும் முக்கியம். கொடைக்கானல் கடல் மட்டத்துக்கு மேல் சுமார் 2,100 மீட்டர். நம் சமவெளியிலிருந்து பார்த்தால் ஏறக்குறைய 1,800 மீட்டர் மேலே. அந்த உயரத்திலிருந்து அலை தொடக்கூடிய தூரம் கணக்குப்படி 150 கிலோமீட்டரைத் தாண்டும். தென் மாவட்டங்களில் பாதிக்கு அந்த ஒரே நிலையம் கேட்பதன் ரகசியம் இவ்வளவுதான்.

மீடியம் வேவ் வேறு சாதி. மதுரை நிலையத்தின் 1269 கிலோ ஹெர்ட்ஸ், திருச்சியின் 936, தூத்துக்குடியின் 1053 எல்லாம் அந்தக் கணக்கில் வருபவை. அந்த அலை தரையைத் தழுவிக்கொண்டு போகும். இரவில் வானத்தில் பட்டுத் திரும்பி வெகுதூரம் வரும். நடுநிசியில் வண்டி ஓட்டிய பழைய டிரைவர்களுக்கு இலங்கை வானொலி துணையாக வந்தது இப்படித்தான். சமீப ஆண்டுகளில் நாடெங்கும் பழைய மீடியம் வேவ் ஒலிபரப்பிகளை ஒவ்வொன்றாக நிறுத்திக்கொண்டு வருகிறார்கள். ஆகவே புது ஏரியல் வாங்குபவர் மீடியம் வேவுக்காகப் பெரிதாக மெனக்கெட வேண்டுமா என்பதை அவரே முடிவு செய்துகொள்ளட்டும். எனக்குப் பழைய செட்டுகளின் பச்சை விளக்கும் முள்ளும் பிடிக்கும். அது வேறு விஷயம்.

கம்பியின் நீளத்துக்கு ஒரு கணக்கு உண்டு. 100 மெகா ஹெர்ட்ஸ் அலையின் நீளம் 3 மீட்டர். அதில் கால் பங்கு நீளமுள்ள கம்பி அந்த அலைக்கு நன்றாக இசையும்; அதாவது 75 சென்டிமீட்டர். நீளும் கம்பியை முழுக்க இழுத்துவிட்டால் பெரும்பாலும் இந்த அளவுக்குப் பக்கத்தில் வந்து நிற்பது தற்செயல் கிடையாது. இரண்டு மீட்டர் கம்பி வைத்தால் இரண்டு மடங்கு கேட்கும் என்று நினைப்பது பண்பலையைப் பொறுத்தவரை தப்பு. மதுரையின் 1269 கிலோ ஹெர்ட்ஸுக்கு இதே கணக்கைப் போட்டால் அலை நீளம் 236 மீட்டர், கால் பங்கு 59 மீட்டர். மீனாட்சியம்மன் கோயிலின் தெற்குக் கோபுரமே 52 மீட்டர்தான். கோபுரத்தைவிட உயரமான கம்பியை ஆம்னி மேல் நட முடியாது. அதனால் மீடியம் வேவைப் பொறுத்தவரை வண்டியின் கம்பி எப்போதும் குட்டைதான். கிடைக்கிற துளி சிக்னலைச் சிந்தாமல் செட்டுக்குக் கொண்டுசேர்ப்பதே அங்கே வேலை. நீளமான கம்பி மீடியம் வேவுக்கு உதவும், பண்பலைக்கு உதவாது. இந்த வித்தியாசம் தெரியாததால்தான் "பெரிய ஏரியலே நல்லது" என்ற பேச்சு இன்னும் உயிரோடு இருக்கிறது.

இனி அந்த மறந்துபோன பாதிக்கு வருவோம். 75 சென்டிமீட்டர் கம்பி தனியாக நின்றால் அரைகுறை. அதன் அடியில் விரிந்த உலோகப் பரப்பு ஒன்று இருந்தால், அது நிலைக்கண்ணாடிபோல மற்றப் பாதியைத் தந்துவிடும். அந்தப் பரப்புதான் வேனின் பாடி. கேபிளின் நடுக்கம்பி ஏரியலோடு சேர்கிறது. அதைச் சுற்றியுள்ள பின்னல் ஏரியலின் அடியில் தகரத்தோடு சேர வேண்டும். பட்டறைப் பேச்சில் இது "எர்த்து". எர்த்து சரியில்லை என்றால் பாதி ஏரியலை வீட்டில் விட்டுவிட்டு வந்ததுபோல. அதோடு, கேபிளின் வெளிப்பின்னல் தானே ஏரியலாக மாறி, என்ஜினின் இரைச்சலையெல்லாம் வாரிக்கொண்டு வந்து செட்டில் கொட்டும்.

கார் ரேடியோ பிறந்த காலத்திலிருந்தே தகரத்தோடு இந்த வம்பு இருக்கிறது. மோட்டரோலா என்ற பெயரில் 1930இல் அமெரிக்காவில் வண்டி ரேடியோ விற்பனைக்கு வந்தபோது, பல கார்களின் கூரை நடுவில் துணியால் ஆனது. அந்தத் துணிக்குள்ளேயே ஏரியல் கம்பியை ஒளித்துவைக்க முடிந்தது. 1935 வாக்கில் ஜெனரல் மோட்டார்ஸ் கூரை முழுவதையும் ஒரே எஃகுத் தகடாக அச்சில் அழுத்தி எடுக்கத் தொடங்கியது. தகரத்துக்குள் அடைபட்ட ஏரியலுக்கு அலை எட்டாது. கம்பி வெளியே வந்தே தீர வேண்டியதாயிற்று. உள்ளே இருந்தால் தடை, கீழே இருந்தால் துணை: தகரத்தின் குணம் அன்றும் இன்றும் அதுதான்.

தேர்வு என்று வந்தால், பழைய வேனுக்கு என் ஓட்டு பழைய மாதிரி நீளும் கம்பிக்கே. முன்கண்ணாடித் தூணை ஒட்டியோ கூரை முனையிலோ பொருந்துவது, அடியிலிருந்து மடங்குவது. ரப்பர் உறை போட்ட குட்டைக் கம்பி பார்க்க லட்சணம், புளியங்கிளையில் மாட்டாது. ஆனால் அதற்குள் கம்பியைச் சுருளாகச் சுற்றி நீளத்தை ஏமாற்றியிருக்கிறார்கள். அந்த ஏமாற்றுக்குச் சிக்னலில் ஒரு விலை உண்டு. ஊர் எல்லைக்குள் ஓடும் பள்ளி வேனுக்குப் போதும். திண்டுக்கல் தாண்டிப் போகிற வண்டிக்குப் போதாது. கண்ணாடியில் ஒட்டும் பட்டை பெரும்பாலும் ஒரு சின்ன ஆம்ப்ளிஃபயரை நம்பி இருப்பது. நல்ல சிக்னலைப் பெருக்குவதுபோலவே இரைச்சலையும் பெருக்கும். மதுரை நகரத்துக்குள் நாலைந்து பலமான நிலையங்களுக்கு நடுவில் திணறவும் திணறும். கடைசியாக, சுறாமீன் துடுப்பு வடிவ ஏரியல். புதுக் கார்களில் கம்பெனியே வைப்பது வேலை செய்யும். பழைய வேனின் கூரையில் இரட்டைப் பக்க டேப்பால் ஒட்டுகிறார்களே, அவற்றில் பலவற்றுக்குள் காற்றைத் தவிர ஒன்றும் கிடையாது. அழகுக்கு என்றால் ஒட்டிக்கொள்ளலாம்.

இடம் பார்ப்பதில் வண்டிக்கு வண்டி நியாயம் மாறுகிறது. கொள்கைப்படி கூரையின் நட்டநடுவே சிறந்தது. நாலா பக்கமும் தகரம் சமமாக விரிந்திருக்கும். நடைமுறையில் அங்கே மேல் கேரியர் இருக்கும். மல்லிகைப்பூ மூட்டையும், சீசனில் சபரிமலைக்குப் போகும் பைகளும், தார்ப்பாயும் அதன்மேல் ஏறும். கேரியரின் இரும்புக் குழாய்களுக்கு நடுவில் மாட்டிக்கொண்ட கம்பி ஜெயிலில் இருப்பதுபோல. சுற்றிலும் உள்ள இரும்பு அதன் இசைவைக் கலைத்துவிடும். ஆகவே முன்முனையில், கேரியருக்கு முன்னால். ஆம்னிக்கு முன்னால் நீளும் பானெட் இல்லை. முன்கண்ணாடித் தூண்தான் இயல்பான இடம். டெம்போ டிராவலர் மாதிரி உயரமான வண்டியில் கம்பியைக் கூரையில் வைத்தால் ஒவ்வொரு மரக்கிளையும் அதை விசாரித்துவிட்டுப் போகும். அலங்காநல்லூர், சோழவந்தான் உள்சாலைகளில் தென்னை மட்டையும் கருவேலமும் எவ்வளவு தாழ்வாக வரும் என்பது ஓட்டியவர்களுக்குத் தெரியும்.

பைபர் கூரை போட்ட வண்டிகளின் கதை தனி. கண்ணுக்குக் கூரை, அலைக்கு வெறும் வெளி. அங்கே கம்பி நட்டால் கீழே நிலைக்கண்ணாடி இல்லை. கூரையின் உள்பக்கம், லைனிங்குக்கு மேலே, ஏரியலின் அடியிலிருந்து நாலு திசையிலும் 75 சென்டிமீட்டர் நீளத்துக்கு நாலு செம்புக்கம்பிகளை விரித்து, கேபிளின் பின்னலோடு இணைத்தால் ஒரு செயற்கைத் தரை கிடைத்துவிடும். கூரைக்கு அலுமினியத் தகடுகளை ரிவிட் அடித்துக் கட்டிய பாடியில் வேறு தொல்லை. தகட்டுக்கும் தகட்டுக்கும் நடுவே பெயிண்டும் ஆக்சைடும் சேர்ந்து மின்தொடர்பை அறுத்திருக்கும். ஏரியல் உட்கார்ந்த தகட்டிலிருந்து சேஸிஸுக்கு ஒரு பட்டையான பின்னல் ஒயரைத் தனியாக இழுத்துவிடுவது நல்லது.

ஓட்டை போடும்போது அவசரம் கூடாது. பின்பக்கம் என்ன ஒயர் ஓடுகிறது என்று பார்க்காமல் டிரில் வைத்து முன்விளக்கு ஒயரைத் துளைத்த கதைகள் எல்லாப் பட்டறையிலும் உண்டு. பாட்டரியின் நெகடிவைக் கழற்றிவிட்டுத் தொடங்க வேண்டும். பழைய வேனில் இன்னொரு சோதனையும் தேவை: அந்த இடம் உண்மையில் தகரம்தானா, அல்லது டிங்கர் வேலையில் அப்பிய புட்டியா? ஒரு சின்னக் காந்தத்தை வைத்துப் பாருங்கள். ஒட்டாவிட்டால் வேறு இடம். ஓட்டையின் வெளிவிளிம்புக்குப் பிரைமர் பூச வேண்டும். உள்பக்கம் வாஷர் கடிக்கும் வட்டத்தில் மட்டும் பெயிண்டைச் சுரண்ட வேண்டும். பல்லுள்ள வாஷர் போட்டு முடுக்கி, மேலே கொஞ்சம் வாசலின் தடவினால் துரு சீக்கிரம் வராது. நம் ஆட்கள் இதில் செய்யும் கருணைமிக்க தவறு, தண்ணீர் போகக்கூடாது என்று உள்ளும் புறமும் சிலிக்கானைப் பூசி முடுக்குவது. தண்ணீரும் போகாது, எர்த்தும் போகாது.

கேபிள் தகரத்தைத் துளைத்து உள்ளே நுழையும் இடத்தில் ரப்பர் வளையம் அவசியம். செட்டுக்குப் போகும் முன் ஒரு தொங்கல் வளைவு விட்டால், கேபிள் வழியே இறங்கும் ஐப்பசி மழைநீர் அந்த வளைவிலேயே சொட்டிவிடும். கேபிளுக்குள் தண்ணீர் போய்விட்டால் செம்புப் பின்னல் பச்சை பிடித்துவிடும். அப்புறம் அந்தக் கேபிளைக் காப்பாற்ற முடியாது. கேபிள் போதவில்லை என்று டிவி கேபிளில் ஒட்டுப்போடும் வழக்கமும் உண்டு. பண்பலைக்கு அது பெரிய கேடு செய்யாது. மீடியம் வேவுக்குத்தான் செய்யும். குட்டைக் கம்பி ஒரு மிகச்சிறிய கண்டன்சர்போல நடந்துகொள்கிறது. கேபிளும் ஒரு கண்டன்சர். கேபிளினுடையது பெரிதானால் கம்பி பிடித்த மின்னழுத்தத்தை அதுவே விழுங்கிவிடும். வண்டி ரேடியோவுக்கான அசல் கேபிளில் மயிரிழைபோன்ற நடுக்கம்பியைக் குழாய்க்குள் ஏறக்குறையக் காற்றில் தொங்கவிட்டிருப்பது அந்த விழுங்கலைக் குறைக்கத்தான். பழைய செட்டுகளில் ஏரியல் ஜாக்குக்குப் பக்கத்தில் ஒரு சின்னத் துளையும் உள்ளே ஒரு திருகும் இருக்கும். மீடியம் வேவில் முள்ளை மேல்முனைப் பக்கம் கொண்டுபோய், பலவீனமான நிலையம் ஒன்றைப் பிடித்து, அந்தத் திருகை மெல்லத் திருப்பி அதிகச் சத்தம் வரும் இடத்தில் விட வேண்டும். புது ஏரியல் மாற்றியதும் இதைச் செய்பவர்கள் மிகக் குறைவு.

செட்டை மாற்றியவர்களுக்கு வரும் கோளாறு ஒன்று உண்டு. ஏரியலுக்குள் ஆம்ப்ளிஃபயர் இருந்தால் அதற்கு 12 வோல்ட் வேண்டும். செட்டின் பின்னால் வரும் நீல ஒயர், அல்லது நீலத்தில் வெள்ளைக் கோடு போட்ட ஒயர், அதற்காகத்தான். எதற்கென்று தெரியாமல் டேப் சுற்றி ஓரமாக விட்டிருப்பார்கள். ஆம்ப்ளிஃபயர் பட்டினி கிடக்கும். ஆம்ப்ளிஃபயரே இல்லாத வெறும் கம்பியைவிட மோசமாகக் கேட்கும்.

ஜப்பானிலிருந்து பழையதாக வந்த செட்டு என்றால் ஏரியலைக் குறை சொல்லிப் பயனே இல்லை. ஜப்பானில் பண்பலை 76 மெகா ஹெர்ட்ஸில் தொடங்குகிறது. பழைய செட்டுகள் 90உடன் நின்றுவிடும். நமது நிலையங்களோ அதற்கு மேலேதான் தொடங்குகின்றன. ஜப்பானிய ஹைஏஸ் வேன்கள் ஏராளமாக ஓடும் இலங்கையில் இது வெகுசாதாரணம். ஏரியல் கேபிளுக்கும் செட்டுக்கும் நடுவில் அலைவரிசையை இறக்கிக் கொடுக்கும் ஒரு சின்னப் பெட்டியைச் செருகிச் சமாளிப்பார்கள். செட்டில் ஓர் எண் தெரியும், கேட்கும் நிலையம் வேறு எண்ணில் இருக்கும். பழகிவிட்டால் சரி.

பழுது பார்ப்பதற்கு ஒரு மல்டிமீட்டரும் கொஞ்சம் பொறுமையும் போதும். அதற்கும் முன்னால், காசில்லாத சோதனை ஒன்று. ஏரியல் பிளக்கைச் செட்டிலிருந்து பிடுங்கிவிட்டு, 75 சென்டிமீட்டர் ஒயர் ஒன்றை ஜாக்கின் நடுத்துளையில் செருகி ஜன்னலுக்கு வெளியே தொங்கவிடுங்கள். கொடைக்கானல் தெளிவாக வந்தால் செட்டு நிரபராதி. அடுத்து மீட்டர். கம்பியின் நுனிக்கும் பிளக்கின் நடு ஊசிக்கும் இடையே ஒரு ஓமுக்குள் காட்ட வேண்டும். காட்டாவிட்டால் நடுக்கம்பி அறுந்திருக்கிறது, அல்லது நீளும் கம்பியின் கணுக்களில் புழுதி ஏறியிருக்கிறது. நடு ஊசிக்கும் பிளக்கின் வெளிவளையத்துக்கும் இடையே தொடர்பே இருக்கக் கூடாது. இருந்தால் ஷார்ட், பெரும்பாலும் அடிப்பாகத்தில் தண்ணீர். அடியில் சுருளோ ஆம்ப்ளிஃபயரோ உள்ள ஏரியல்களில் இந்த இரண்டாவது கணக்கு மாறும். பழைய வேன்கள் தோற்கும் இடம் மூன்றாவது அளவை. பிளக்கைக் கையில் பிடித்துக்கொண்டு, அதன் வெளிவளையத்துக்கும் வேனின் பாடிக்கும் இடையே பாருங்கள். ஏறக்குறைய பூஜ்யம் காட்ட வேண்டும். பிளக்கைச் செட்டில் செருகியபடியே பார்த்தால் செட்டின் எர்த்து வழியாகப் பூஜ்யம் காட்டி மீட்டர் பொய் சொல்லும். பூஜ்யம் வரவில்லையா? ஒரு ஒயரின் ஒரு முனையை ஏரியலின் அடிவளையத்திலும் மறுமுனையைக் கதவுக் கீலின் போல்ட்டிலும் அழுத்திப் பிடித்தபடி ரேடியோவைக் கேளுங்கள். இரைச்சல் சட்டென்று அடங்கினால் கம்பி வாங்கக் கடைக்குப் போக வேண்டாம், உப்புத்தாள் போதும்.

இரைச்சலிலும் சாதிகள் உண்டு, காது பழகினால் பிரித்துவிடலாம். முதல் விதி: இரையும்போது ஏரியல் பிளக்கைப் பிடுங்குங்கள். இரைச்சல் நின்றால் அது ஏரியல் வழியே வருகிறது. நிற்காவிட்டால் பாட்டரி ஒயர் வழியே வருகிறது. ஆக்ஸிலரேட்டரை மிதிக்க மிதிக்கக் கொசுபோல ரீங்காரம் மேலே ஏறினால் ஆல்டர்னேட்டர். என்ஜின் வேகத்தோடு சேர்ந்து டக்டக்கென்று வெட்டினால் ஸ்பார்க் பிளக் தகராறு. டீசல் வண்டியில் ஸ்பார்க் இல்லாததால் இந்தத் தொல்லை இல்லை. ஆம்னியில் பெட்ரோல் என்ஜின் முன்சீட்டுக்கு அடியில், ரேடியோவுக்கு எட்டும் தூரத்தில் இருப்பதால் தொல்லை இரட்டிப்பு. செம்புக் கம்பி போட்ட மலிவான பிளக் ஒயர்களை மாற்றிக் கார்பன் வகை போட வேண்டும். பிளக்கும் தடை உள்ள வகையாக இருக்க வேண்டும். என்ஜிகே மாதிரியான பிளக்குகளில் எண்ணுக்கு நடுவே 'ஆர்' என்ற எழுத்து அதைச் சொல்லும். ஏரியல் கேபிளை என்ஜின் மூடியை ஒட்டிக் கொண்டுபோயிருந்தால் அதையும் எதிர்ப்பக்கத் தூண் வழியாக மாற்ற வேண்டும்.

இன்றைய தேதிக்குப் பெரிய வில்லன்கள் என்ஜினிலேயே இல்லை. சிகரெட் லைட்டரில் செருகிய மலிவான போன் சார்ஜர் முதல் குற்றவாளி. உள்ளே ஓடும் எல்இடி பட்டைகள், ஜிபிஎஸ் பெட்டி, டாஷ் கேமரா எல்லாம் 12 வோல்ட்டை நறுக்கும்போது பண்பலை முழுக்கக் குப்பை கொட்டுகின்றன. திருவிழாவுக்குப் போகிற வேனில் நீலமும் சிவப்பும் ஓடுகிற அந்த விளக்குகளை அணைத்தால் ரேடியோ நன்றாகக் கேட்கும் என்று உரிமையாளரிடம் சொல்லிப் பாருங்கள்; ரேடியோவைத்தான் அணைப்பார். நடுவழி ஒன்று இருக்கிறது: விளக்குகளின் ஒயரை ஏரியல் கேபிளை விட்டு நன்றாக விலக்குவது, அவற்றின் ஒயரில் ஃபெரைட் வளையம் மாட்டுவது. உயரழுத்த மின்கம்பிகளுக்கு அடியில் போகும்போது மட்டும் மீடியம் வேவ் கரகரத்தால் உங்கள் வேனில் தேட ஒன்றும் இல்லை.

எல்லாம் சரிசெய்த வண்டியைச் சோதிக்க நான் போகும் சாலைகள் இரண்டு. மேற்கே நிலக்கோட்டை பக்கம் போனால் கொடைக்கானல் மலை கண்ணுக்கு நேரே எழும், அங்கே 100.5 இரைந்தால் எர்த்தை மறுபடி பிரித்துப் பார்க்க வேண்டியதுதான். மற்றது சிறுமலையைச் சுற்றிக்கொண்டு நத்தம் பக்கம். அங்கே கொடைக்கானலுக்கும் வண்டிக்கும் குறுக்கே சிறுமலை நின்றுவிடுகிறது. நேர் அலை தடைபட்டு, பாறைகளில் பட்டுத் திரும்பிய அலைகள் ஒன்றோடொன்று மோதி, வேலி வழியே தெரியும் வெளிச்சம்போலப் பாட்டு விட்டு விட்டு வரும். வண்டியை ஓரங்கட்டி நிறுத்தி, ஒரு முழம் முன்னால் உருட்டினால் தெளியும். இன்னொரு முழத்தில் மறுபடி மங்கும். முதல்முறை அங்கே இறங்கி, பானெட்டே இல்லாத ஆம்னியைச் சுற்றிச் சுற்றி வந்து, கம்பியை ஆட்டி ஆட்டிப் பார்த்தேன். இப்போது நத்தம் தாண்டும்வரை செட்டை அணைத்துவிடுகிறேன்.